மனமுவந்து, வேறு வழியின்றி

லிங்கன்ஷயர் ஆவணக் காப்பகத்தின் கீழ்த்தளத்தில்
சூடு பதினாறு பாகைக்கு மேல் ஏறாது.
பழைய தோலும் தாளும் வெயிலை விரும்புவதில்லை.
தெல்மா ஆட்லிங் விரல்நுனி இல்லாத கம்பளிக் கையுறையோடு
ஆயிரத்து அறுநூற்று முப்பத்தெட்டைப்
புரட்டிக்கொண்டிருக்கிறாள்.

சதுப்பை வற்றடித்து வயலாக்க வந்தவர்களின் வழக்கு.
சாட்சியங்களின் நடுவே ஒரு விதவை,
ஆனிஸ் தாரட்.
குமாஸ்தாவின் மை ஒன்றரை வரியில் அவளை முடித்துவிடுகிறது:
வீட்டை விட்டுப் போக ஃபெய்ன் ஆனாள்.
கொண்டுபோனவை
விலாங்குப் பொறி ஒன்று,
வாத்து இரண்டு,
கதவு.

அட்டவணைக்கு ஒருவரிச் சுருக்கம் வேண்டும்.
பென்சில் ஃபெய்னில் நிற்கிறது.

செத்த சொல். வினையை ஒட்டி நடந்த சொல்.
முதலில் அதற்கு மனமுவந்து என்று பொருள்.
உவந்து வருவேன், ஆசையாய்க் கேட்பேன்.
பிறகு பசித்தவன் பூசணம் பூத்த ரொட்டியை உவந்து தின்றான்,
இடமில்லாதவன் மாட்டுக்கொட்டிலில் உவந்து படுத்தான்.
சொல்லிச் சொல்லி உவப்பு தேய்ந்து
வேறு வழியின்றி என்பதும் அதன் பொருளாயிற்று.
பாகம் பிரிக்காத அண்ணன் தம்பியாய்
இரண்டும் ஒரே எழுத்துக்குள் குடியிருந்தன.
பாசாங்கு செய் என்பதும் காதுக்கு இதே ஒலிதான்,
எழுத்தில்தான் வேறு.

நம் பத்திரங்களுக்கும் இந்த வித்தை தெரியும்.
யாதொரு நிர்ப்பந்தமுமின்றி என் முழு மனதுடன்
என்று எழுதி முடித்த பிறகுதான்
கைநாட்டு.
மணிக்கட்டைப் பிடித்திருப்பது யார் கை என்று
எந்தப் பத்திரமும் எழுதுவதில்லை.
நமக்கு ஐந்து சொல் பிடித்த வேலையை
அவர்கள் ஓரசையில் முடித்திருக்கிறார்கள்.

தெல்மா கதவுக்குத் திரும்புகிறாள்.
சிரித்துக்கொண்டு போகிறவள் கதவைக் கழற்றுவாளா?
கழற்றலாம். தண்ணீர் சூழ்ந்த ஊரில் கதவு மிதக்கும்,
ஒரு பெண்ணையும் இரண்டு வாத்தையும் தாங்கும்.
வருகிறவனுக்குக் காற்றை மட்டும் விட்டுவைக்கலாம் என்றும்
நினைத்திருப்பாள்.
அதில் ஒரு சந்தோஷம் இருக்கத்தான் செய்கிறது.
ஃபெய்ன் அவள் வாயில் வந்ததா, அவன் பேனாவில் வந்ததா?

டெஸ்மண்ட் கிராக்ஸ் தேநீரோடு இறங்கி வருகிறார்.
“கவுன்சில் கடிதத்துக்குப் பதில் போட்டாச்சா?
வெள்ளிக்கிழமை கடைசி.”

அக்டோபரோடு வாசிப்பு அறை மூடப்படும்.
மூன்று பேர் விருப்ப விலகல் பெறலாம்.
பெறாதவர்களுக்கு நாற்பது மைல் தள்ளி
வாகன அபராதப் பிரிவில் இடம் உண்டு.
சுயவிருப்பத்தின் பேரில் என்று அச்சடித்து
எதிரே ஒரு வெற்றுக் கட்டம்.

அவளுக்குப் போக ஆசை இல்லாமலும் இல்லை.
முழங்கால் படிகளை வெறுக்கிறது.
திங்கட்கிழமை ஏழுமணி எப்படி இருக்கும் என்று
படுக்கையில் கிடந்து பார்க்க வேண்டும்.
அந்த ஆசை கடிதத்துக்கு முன்பே இருந்ததா,
கடிதத்தோடு உறைக்குள் வந்ததா,
அதுதான் பிடிபடவில்லை.
இருபத்திரண்டு வருடமாக மற்றவர்களின் தேதிகளைச்
சரிபார்த்தவள்
இந்த ஒன்றுக்குத் தேதி போட முடியாமல் இருக்கிறாள்.

அட்டவணையில் எழுதுகிறாள்:
ஆனிஸ் தாரட், விதவை, வீட்டை விட்டுச் சென்றது.
கதவு உட்பட.
வினை மட்டும். அடை கிடையாது.
படிக்கிறவர்கள் பார்த்துக்கொள்ளட்டும்.

படிவத்தில் அப்படி ஓர் இடம் இல்லை.
பென்சிலும் கூடாது, கறுப்பு மை.
டெஸ்மண்ட் சட்டைப் பையிலிருந்து பேனா தருகிறார்,
மூடியைக் கடித்த பேனா.
டிக் போடுகிறாள். வால் நீண்டு
கட்டத்தைத் தாண்டி விளிம்பு வரை போய்விடுகிறது.

“செல்லுமா இது?”
“எல்லாம் செல்லும்” என்கிறார் அவர்.

மேலே போகும் வழியில்
தீத்தடுப்புக் கதவைத் தோளால் தள்ளும்போது
நிற்கிறாள்.
மூன்று கீல்.
கீலுக்கு நான்கு திருகாணி.